மறுகால் பலகைக்குப் பேசிய விலை

அன்றைக்குக் காலையில் மறுகாலில் நின்றவர்கள் யார் யார் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். பிற்பாடு நானும் நின்றேன் என்று பலபேர் சொல்லிக்கொண்டார்கள். விசாரணையில்கூட, வராத ஆட்கள் வந்து சாட்சி சொன்னார்கள். ஓவர்சியர் தேவசகாயம் சார் நின்றார். குளத்தைக் காக்கிற லஸ்கர் இசக்கி நின்றான். அதே லஸ்கர் வேலையில் இருந்த நான் நின்றேன். வயல்காரர்களில் கடைமடைக்காரர் பலவேசம் மாமா, தலைமடைக்காரர் கோமதிநாயகம் அண்ணாச்சி, அவருடைய தம்பி, அப்புறம் நடுமடையிலிருந்து நான்கு பேர். ஓடைவாய்க் குடிசைகளிலிருந்து என் அக்கா புருஷன் முருகேசன் அத்தானும் அவரோடு மூன்று பேரும். வேறு யாரும் இல்லை. மழை பெய்துகொண்டிருந்தது.

இப்போது அந்த மறுகாலில் இரும்பு ஷட்டர் போட்டாயிற்று. பென்சன் காரியமாக ஆபீசுக்குப் போனபோது புதிதாக வந்திருக்கும் பொறியாளர் தம்பி, "முன்னால பலகை போட்டுத் தண்ணி தேக்குவாங்களாமே, எப்படின்னு எழுதிக் குடுங்க ஐயா, நம்ம ஓய்வுபெற்றவங்க மலர்ல போடலாம்" என்றார். பலகை போடுவதை மட்டும் எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன். போட்டதை எழுதினால் எடுத்ததையும் எழுத வேண்டியிருக்கிறது. நான் ஆறாம் வகுப்போடு நின்றவன். வரிசை பிசகியிருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

தெரியாதவர்களுக்காக இடத்தைச் சொல்லுகிறேன். தூத்துக்குடிப் பக்கத்தில் இருக்கிற புதுக்கோட்டைக்கு மேற்கே மேட்டுக்காட்டில் பெய்கிற மழை ஓர் ஓடையாகச் சேர்ந்து, கடைத்தெருவுக்குப் பின்புறமாக நுழைந்து, வீடுகளின் முதுகை உரசிக்கொண்டு வந்து எங்கள் பெரியகுளத்தில் விழும். கோடையில் வேட்டியை மடித்துக் கட்டாமலே தாண்டிவிடலாம். கடைக்காரர்கள் அதைச் சாக்கடை என்பார்கள். வயல்காரர்களுக்கு அது வரத்துக்கால். கறிக்கடைக் கழிவு மிதந்து வந்தாலும் சரி, குளத்துக்குள் விழுந்துவிட்டால் அது பயிர்த் தண்ணீர்தான். ஓடை குளத்தில் விழுகிற வாயில் இரண்டு பக்கமும் குடிசைகள். தூத்துக்குடியில் புதுத் துறைமுகம் கட்டுகிற வேலை நடந்துகொண்டிருந்த காலம். கல் சுமக்கவும் உப்பளத்துக்கும் வந்த சனம், வேறு இடம் கிடைக்காமல் அங்கே மண்சுவர் எழுப்பி ஓலை வேய்ந்திருந்தது. பேச்சி அக்காவை அங்கேதான் கட்டிக்கொடுத்திருந்தோம். நான் குளத்துக்குக் கீழே, வயல்காரர்கள் ஊரில் பிறந்தவன். ஆக, குளத்துக்கு மேலேயும் என் சனம், கீழேயும் என் சனம்.

குளம் நிறைந்து மிஞ்சுகிற தண்ணீர் வெளியேறும் இடம்தான் மறுகால். அதைத் தாண்டினால் முள்ளுக்காடு, உப்பளம், கடல். மறுகாலைத் தாண்டிய தண்ணீர் ஒருவருக்கும் ஆகாது. மறுகாலின் தளத்தில் ஆள் இடுப்பளவுக்குக் கல்தூண்கள் வரிசையாக நட்டிருக்கும். தூணுக்குத் தூண் பள்ளம் வெட்டியிருக்கும். கார்த்திகை போய், மழை இனி இல்லை என்று எல்லோரும் ஒப்புக்கொண்ட பிறகு, அந்தப் பள்ளங்களில் பனம்பலகைகளை இறக்கி, சந்துகளில் வைக்கோலும் களிமண்ணும் திணித்துக் காலால் மிதித்துவிட்டால் குளத்தில் இன்னும் இரண்டடி தண்ணீர் தேங்கும். கடைமடை வயலுக்கு அந்த இரண்டடிதான் மாசி மாதம் வரை உயிர். பலகை வாங்குகிற செலவும் கடைமடைக்காரருடையது.

முதல் பலகையைக் கடைமடைக்காரர்தான் இறக்க வேண்டும். எடுக்கிறபோதும் முதல் கை அவருடையதுதான். அவர் கைவைக்காமல் வேறு எவரும் பலகையைத் தொடுவதில்லை. நல்ல வழக்கம் என்றுதான் இன்றைக்கும் சொல்லுவேன். தலைமடை வயலுக்குக் குளம் பாதி இருந்தாலும் தண்ணீர் பாயும். எடு பலகையை என்று அந்த வயல்காரர் சுலபமாகச் சொல்லிவிடுவார். கடைசி வயல்காரனைக் கேட்காமல் தண்ணீரைக் கொட்டிவிடக் கூடாது என்பதற்காக எவனோ யோசித்து வைத்த ஏற்பாடு. இலாகா விதியில் இது கிடையாது. ஆனாலும் எந்த ஓவர்சியரும் மீறியதில்லை.

அப்பாவும் லஸ்கர்தான். அவர் போனதும் அந்த இடத்தில் என்னைத் தற்காலிகமாக வைத்தார்கள். அளவுக்கல்லில் தண்ணீர் எங்கே நிற்கிறது என்று காலையும் மாலையும் பார்க்க வேண்டும். மடையைத் திறந்து மூட வேண்டும். கரையில் எலிவளை, நண்டுவளை இருந்தால் அடைக்க வேண்டும். வேலை இவ்வளவுதான். என் தூக்கம் போவதற்கு இவ்வளவே போதுமாக இருந்தது. சின்ன வயதிலிருந்தே எனக்குப் பயந்த மனசு. அடைத்த வளையைத் திரும்பப் போய்ப் பார்ப்பேன். மூடிய மடையை வீட்டுக்குப் பாதி வழி வந்த பிறகு மூடினேனா என்று நினைத்துத் திரும்பிப் போவேன். இசக்கிக்கு இது பெரிய வேடிக்கை.

"ஏலே சுப்பையா, ஒன் வீட்டுல குடம் நிரம்பினாலும் ஓவர்சியருக்கு ரிப்போட்டு போட்டுருவியே!" என்பான். கடைத்தெருவில் நாலு பேர் இருக்கும்போது சொல்லுவான். அவர்களும் சிரிப்பார்கள்.

சிரிக்காத ஆள் தேவசகாயம் சார் ஒருவர்தான். ஒல்லியான மனிதர். சைக்கிள், மடக்காத கறுப்புக் குடை, மேல்பொத்தான் வரை போட்ட வெள்ளைச் சட்டை. லஸ்கர்களையும் வாங்க போங்க என்றுதான் சொல்லுவார். குளத்துக்கரையில் ஏறுவதற்கு முன்னால் செருப்பைக் கழற்றி சைக்கிள் கேரியரில் வைத்துவிடுவார். அவர் வேதக்காரர், கிறிஸ்தவர். கரையில் எங்கள் சாமி இருக்கிறது என்பதற்காகக் கழற்றுகிறார் என்றுதான் நான் நினைத்திருந்தேன். ஒருநாள் கேட்டே விட்டேன்.

"செருப்புப் போட்டா ஈரம் தெரியாது சுப்பையா. கரை எங்கன கசியுதுன்னு கால்தான் முதல்ல சொல்லும்" என்றார்.

அவருக்கு முன்னால் இருந்த ஓவர்சியர் பேசத் தொடங்குவதற்கு முன்பே கையை ஓங்குகிறவர். இவர் எந்தத் தகராறு என்றாலும் குடையை ஊன்றிக்கொண்டு, தலையைக் குனிந்துகொண்டு, எல்லோரையும் பேசவிடுவார். குறுக்கே ஒரு வார்த்தை வராது. பேசினவன் பேசினதையே திரும்பப் பேசினாலும் கேட்பார். எல்லோரும் ஓய்ந்த பிறகு தலையை நிமிர்த்தி, "வேற யாரும் பேசணுமா?" என்று கேட்பார். அந்த நேரத்தில் பெரும்பாலும் ஒருவன் மூலையிலிருந்து மெதுவாக ஒன்று சொல்லுவான். வழக்கு அதிலே தீர்ந்துவிடும்.

ஒரு தடவை கடைத்தெருவில் ஓடைக்கு மேலே கல்லைப் பரப்பிக் கடைகளைப் பின்பக்கமாக நீட்டிவிட்டார்கள். ஓடை தொட்டி போல அடைத்துக்கொண்டு குளத்துக்குத் தண்ணீர் வரவில்லை. வயல்காரர்கள் கடப்பாரையோடு கிளம்பிவிட்டார்கள். சார் இரண்டு கூட்டத்தையும் எண்ணெய்க் கடை வாசலில் நிறுத்திப் பேசவிட்டார். வெயில் உச்சிக்கு வரும்வரை பேசினார்கள். கடைசியில் அவர் கேட்கிற கேள்வியைக் கேட்டார். எண்ணெய்க்கடை அண்ணாச்சி தொண்டையைச் செருமிக்கொண்டு, "எங்க வீட்டுச் சோறும் அந்தக் குளத்து நெல்லுதான சார். நான் முதல் கல்லை எடுத்துருதேன், மத்தவன் எடுக்கானான்னு பாப்போம்" என்றார். சாயங்காலத்துக்குள் ஓடை திறந்துவிட்டது. போலீஸ் வரவில்லை. கடப்பாரையை அண்ணாச்சிமார்களே இரவல் வாங்கிக்கொண்டார்கள்.

திரும்பும்போது சைக்கிளைத் தள்ளிக்கொண்டு நடந்த சார், தானாகவே ஒன்று சொன்னார். வேறொரு ஊர்க் குளத்தில், அவர் வேலைக்கு வந்த புதிதில், மழைக்குப் பயந்து யாரையும் கேட்காமல் பலகையை எடுக்கச் சொல்லிவிட்டார். மழை அத்தோடு நின்றுபோயிற்று. பயிர் கருகிற்று. "அந்த ஊர்க்காரங்க என்னை ஒரு வார்த்தை ஏசல சுப்பையா. அறுக்காத பயிரை ஒரு பிடி பிடுங்கிட்டு வந்து ஆபீஸ் வாசல்ல வச்சுட்டுப் போனாங்க. அதுக்கப்புறம் யாரையும் கேக்காம நான் ஒண்ணும் செய்யறதில்ல" என்றார். அவர் ஏன் அப்படி நின்று நின்று கேட்கிறார் என்பது அன்றைக்குத்தான் விளங்கிற்று. இவ்வளவு நல்ல மனிதர் நமக்கு மேலே இருக்கிறாரே என்று எனக்கு அன்றைக்குக் கொஞ்சம் தூக்கம்கூட வந்தது.

அடுத்த மார்கழியில்தான் அது நடந்தது.

அதற்கு முன்னால் இரண்டு வருஷம் பிசான நெல் விளைச்சல் பொய்த்திருந்தது. மூன்றாம் வருஷம் குளம் நிறைந்தது. கார்த்திகை முடிந்து வானம் வெளுத்ததும் பலவேசம் மாமா புதுப் பலகைகள் வாங்கி வந்தார். கடன் வாங்கி வாங்கின பலகை. அவருக்கு இருந்தது குளத்துக்குக் கடைசியில் ஒரு துண்டு வயல். தையில் நடத்துவதாகப் பேசியிருந்த மகள் கல்யாணத்தை, அறுப்பு முடிந்து பங்குனியில் வைத்துக்கொள்ளலாம் என்று மாப்பிள்ளை வீட்டாரிடம் தவணை வாங்கியிருந்தார். முதல் பலகையை இறக்கிவிட்டு, "மருமவனே, இந்தத் தடவ ஒன் பயத்தக் கொஞ்சம் மூட்டைகட்டி வையி" என்று என் முதுகில் தட்டினார். களிமண் கை அப்படியே சட்டையில் பதிந்தது.

மார்கழிப் பாதியில், யாரும் எதிர்பாராமல், ஒரு நாள் முழுக்க மேற்கே கறுத்துப் பெய்தது. விடியும்போது அளவுக்கல் முங்கிவிட்டது. தண்ணீர் பலகையின் மேல் விளிம்பைத் தொட்டு நின்றது. ஓடையிலிருந்து செந்தண்ணீர் இன்னும் வந்துகொண்டிருந்தது. குளம் வாங்கிக்கொள்ளாவிட்டால் ஓடைத் தண்ணீர் எங்கே போகும்? ஓடைவாயிலேயே ஏறும். நான் சைக்கிளை மிதித்துக்கொண்டு சார் வீட்டுக்கு ஓடினேன். அவர் காப்பியைப் பாதியில் வைத்துவிட்டுக் கூடவே வந்தார். இசக்கி மறுகாலில் நின்று வழக்கம்போல ஏதோ சொல்ல வாயெடுத்தான். தண்ணீரைப் பார்த்து நிறுத்திக்கொண்டான்.

வயல்காரர்களும் வந்துவிட்டார்கள். சார் செருப்பைக் கழற்றிவிட்டுக் கரையேறி, பலகை வரிசையை ஒருமுறை நடந்து பார்த்தார். பிறகு குடையை ஊன்றிக்கொண்டார்.

"பலகைய எடுக்கணும் அண்ணாச்சி" என்றார் பலவேசம் மாமாவிடம். "நீங்க என்ன சொல்லுதீங்க?"

மாமா தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார். "எடுத்தா இந்த ரெண்டடி போயிரும். பயிரு பொதி கட்டிக்கிட்டு நிக்கி. திரும்ப மழை வரும்னு நீங்க எழுதித் தருவீங்களா?"

"அதை நான் எப்படி எழுதித் தர முடியும்?"

"பெறகு நான் எப்படிக் கை வைக்க முடியும்?"

கோமதிநாயகம் அண்ணாச்சி குறுக்கிட்டார். "வே பலவேசம், கரை ஒடைஞ்சா ஒமக்கும் இல்ல எனக்கும் இல்ல. எடும் வே."

"நீரு சொல்லுவீரு. பாதிக் குளத்துலயே ஒமக்கு நெல்லு வெளஞ்சிரும். ஒம்ம பொண்ணுக்கு வளைகாப்பே முடிஞ்சாச்சு."

"என் பொண்ண ஏன்வே இழுக்கீரு?"

இப்படிப் பேச்சு வளர்ந்தது. சார் தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். நடுமடைக்காரர்கள் இந்தப் பக்கம் இரண்டு பேராகவும் அந்தப் பக்கம் இரண்டு பேராகவும் நின்றார்கள். மழை வலுத்தது. எனக்கு அக்கா வீட்டுப் பக்கமே கண் போய்க்கொண்டிருந்தது. மறுகாலிலிருந்து பார்த்தால் குளத்துக்கு அந்தப் பக்கம் குடிசைகள் ஒரு கறுத்த கோடாகத் தெரியும். மழையில் அதுவும் தெரியவில்லை.

அப்போதுதான் முருகேசன் அத்தான் கரைமேலேயே ஓடிவந்தார். பின்னால் மூன்று பேர். இடுப்புவரை சேறு.

"வீட்டுக்குள்ள முழங்கால் தண்ணி. இங்கன என்ன பேச்சு நடக்கு?" என்றார்.

"அக்கா எங்க?" என்று நான் கேட்டேன்.

"பிள்ளையளத் தூக்கிக்கிட்டு ரோட்டுக்கு ஏறிட்டா. கெழடு கெட்டையெல்லாம் இன்னும் உள்ளதான் கெடக்கு. சுவரு ஊறிக்கிட்டு இருக்கு மாப்ள."

பலவேசம் மாமா அத்தானை ஏறிட்டுப் பார்த்தார். "ஓடைவாய்ல வீடு கட்டுனது யாரு தப்புவே? கொளம் இங்கன எத்தன தலமொறையா இருக்கு?"

"எங்களுக்கு எடம் குடுத்தா நாங்க ஏன்யா தண்ணிக்குள்ள கட்டுதோம்? ஒம்ம வயல்ல ஒரு மூலை தாரீரா?"

இருவருமே சரியாகத்தான் கேட்டார்கள். அதுதான் எனக்கு இன்றைக்கும் ஆறாதது. அங்கே ஒரு அயோக்கியன் இருந்திருந்தால் அவனைத் திட்டியாவது நான் இத்தனை வருஷத்தைக் கழித்திருப்பேன்.

சார் தலையை நிமிர்த்தினார். "வேற யாரும் பேசணுமா?" என்று கேட்டார். யாரோ பேசினார்கள். அவர் திரும்பவும் தலையைக் குனிந்துகொண்டார். தண்ணீர் பலகைக்கு மேல் வழியத் தொடங்கியது. அவர் திரும்பவும் கேட்டார். கெட்டியாக ஒரு சத்தம் போட்டிருந்தால், எடுங்கடா என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், மாமா முனகிக்கொண்டே குனிந்திருப்பார் என்றுதான் நினைக்கிறேன். அவருக்கே அப்படி யாராவது சொல்லிவிட மாட்டார்களா என்று இருந்தது. பழியைப் பிறகு ஓவர்சியர் மேல் போட்டுக்கொள்ளலாம். சாருக்கு அந்தச் சத்தம் வரவில்லை. பிடுங்கின பயிர் ஒரு பிடி அவர் கண்ணுக்கு முன்னால் கிடந்திருக்கும்.

கடைசியில் அவர் பலவேசம் மாமாவுக்குப் பக்கத்தில் போய் நின்று, குடையை அவர் தலைக்கும் சேர்த்துப் பிடித்துக்கொண்டு சொன்னார்: "அண்ணாச்சி, பலகைக்கும் இந்தப் பயிருக்குமா அறுநூறு ரூபாய் வாங்கித் தாரேன். இலாகா தராட்டா நான் தாரேன். என் சம்பளத்துல தாரேன். கை வைங்க."

மாமா துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு இறங்கினார்.

பலகை எடுக்கிற முறை இது: ஓரத்துத் தூணிலிருந்து நடுவை நோக்கி வர வேண்டும். முதலில் களிமண்ணைக் கையால் நோண்டித் தளர்த்தி, பலகையின் இரண்டு முனையிலும் இரும்புக் கொக்கியை மாட்டி, இரண்டு பேர் ஒரே மூச்சில் மேலே தூக்க வேண்டும். ஆனால் தண்ணீர் பலகையின் மேல் விளிம்பைத் தாண்டாமல் நிற்கும்போதுதான் இது நடக்கும். மேலே வழிய ஆரம்பித்துவிட்டால் மொத்தக் குளமும் பலகையைத் தூணோடு சேர்த்து அமுக்கும். பலகையும் கல்லும் ஒன்றாகிவிடும். மாமா கொக்கியை மாட்டி இழுத்தார். அசையவில்லை. இசக்கி கூடப்பிடித்தான். நானும் பிடித்தேன். கொக்கி நிமிர்ந்துகொண்டது. மாமா தான் இறக்கின பலகையின் மேலேயே கையை வைத்துக்கொண்டு, "வர மாட்டேங்குதே, வர மாட்டேங்குதே" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். இப்போது அவர் நிசமாகவே எடுக்கத்தான் பார்த்தார்.

"வெட்டணும்" என்றார் அத்தான். "கோடாலி இருக்கா?"

சார் வேண்டாம் என்றார். "வெட்டினா அடக்க முடியாது முருகேசன். கொஞ்சம் பொறுங்க, இன்னும் ஆள் வரட்டும்."

"எங்க சுவரு பொறுக்காது சார்."

கோடாலி கோமதிநாயகம் அண்ணாச்சியின் தம்பியிடம் இருந்தது. அத்தான் வாங்கிக்கொண்டார். பிறகு வைக்கோல் கட்டின கயிற்றை எடுத்து இடுப்பில் இரண்டு சுற்றுச் சுற்றி முடிந்து, மறுமுனையை இசக்கியிடம் கொடுக்கப் போனவர், கையைப் பின்னால் இழுத்து என்னிடம் நீட்டினார். என் அக்காவைக் கட்டுவதற்கு முன்னால் கொஞ்ச காலம் அவர் சங்கு குளிக்கிற படகில் பாய் கட்டுகிற வேலைக்குப் போயிருந்தார். அங்கே ஒரு வழக்கம் உண்டு. கடலுக்குள் இறங்குகிறவனின் கயிற்றை அவன் பெண்டாட்டியின் கூடப்பிறந்தவன்தான் மேலே பிடிக்க வேண்டும். தன் அக்கா தங்கச்சி தாலி அறுபடக் கூடாது என்று அவன் ஒருவன்தான் கயிற்றை விடமாட்டான்.

"நீ பிடி மாப்ள. ஒனக்குத்தான் பயம் சாஸ்தி. பயந்தவன் கயித்த விட மாட்டான்" என்றார். சிரித்தார். பல்லில் மழைத்தண்ணீர் வழிந்தது.

நான் கயிற்றை என் இடுப்பிலும் ஒரு சுற்றுச் சுற்றி, கரைமேல் கல்லில் காலை உதைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அத்தான் பலகைக்குக் கீழ்ப்பக்கமாக இறங்கி, தூணில் தோளைச் சாய்த்துக்கொண்டு நடுப்பலகையை வெட்டினார். நாலைந்து வெட்டு விழுந்திருக்கும். பலகை பிளந்தது. அதைத்தான் எல்லோரும் எதிர்பார்த்தோம். பலகையோடு தூணும் வரும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. பழைய கல். அடியில் எப்போது சிதைந்ததோ. அது அவர் சாய்ந்திருந்த பக்கமாகவே விழுந்தது.

கயிறு அறவில்லை. நான் விடவும் இல்லை. அதை இழுத்துப் பிடித்திருந்த தழும்பு என் இடுப்பில் இன்னும் இருக்கிறது. கயிற்றின் அந்தப் பக்கத்தில் அவர் தூணுக்கு அடியில் இருந்தார். தண்ணீர் அவருக்கு மேலே போய்க்கொண்டிருந்தது. இசக்கியும் சாரும் வந்து என்னோடு சேர்ந்து இழுத்தார்கள். பலவேசம் மாமா கழுத்தளவு தண்ணீரில் இறங்கிக் கல்லைப் புரட்டப் பார்த்தார். தண்ணீர் அவரை உருட்டி வெளியே தள்ளிற்று. உடைப்பு பெரிதாகி, பக்கத்துத் தூண்களும் சரிந்து, தளமும் அரித்துக்கொண்டு போய், வேகம் தணிந்த பிறகுதான் கல்லை நகர்த்த முடிந்தது.

சாயங்காலத்துக்குள் மடைக்குக் கீழே இறங்கிவிட்டது குளம். பலவேசம் மாமாவின் பயிருக்கு மட்டுமில்லை, தலைமடைக்கும் தண்ணீர் இல்லை. ஓடைவாயிலும் தண்ணீர் வடிந்தது. ஆனால் நாங்கள் பேசிக்கொண்டு நின்ற நேரத்திலேயே பாதிக் குடிசைகளின் சுவர்கள் உட்கார்ந்துவிட்டிருந்தன. அக்கா வீடும் அதில் ஒன்று. ஓலை மட்டும் மிதந்துபோய் வேலியில் சிக்கிக் கிடந்தது.

அக்கா என்னிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "கயிறு ஒன் கையிலதானல இருந்துச்சு?"

"ஆமாக்கா. நான் விடல."

"விடலன்னா பெறகு எங்கல அவரு?"

விசாரணைக்கு மேலதிகாரிகள் வந்தார்கள். மேசை போட்டு ஒவ்வொருவராகக் கூப்பிட்டார்கள். அவர்கள் கேட்டதெல்லாம் ஒன்றுதான். அந்த ஆளை இறங்கச் சொன்னது யார்? வெட்ட வேண்டாம் என்று சார் சொன்னதை நாங்கள் எல்லோரும் கேட்டோம். நானும் இசக்கியும் அப்படியே சொன்னோம். சாரைக் கேட்டபோது அவர், "நான்தான் சொன்னேன்" என்றார். அப்படிச் சொன்னால் அத்தானை வேலையாள் என்று கணக்கில் எடுத்து அக்காவுக்கு நட்டஈடு கொடுப்பார்கள் என்று நினைத்தார் பாவம். கொடுக்கவில்லை. இலாகா ஆள் இல்லை, கூலிக்கு அமர்த்தின ஆளும் இல்லை, தானாக வந்தவன் என்று எழுதிவிட்டார்கள். சாருக்கு மட்டும் சம்பள உயர்வை நிறுத்தி, வேறு ஊருக்கு மாற்றினார்கள். அவர் வாயாலேயே ஒப்புக்கொண்டாரே.

அதற்குப் பிறகு ஒரு முடிவு எடுத்தார்கள். குடிசைகளுக்கு ஆபத்து என்று குடிசைகளை அப்புறப்படுத்தினார்கள். மாற்று இடம் பிறகு தருவதாகச் சொன்னார்கள். குளத்துக்கு ஆபத்து என்று ஓடையைத் திருப்பினார்கள். குளத்தில் விழாமல் சுற்றிக்கொண்டு நேரே கடலுக்குப் போகிற மாதிரி வெட்டிவிட்டார்கள். குடிசையும் போயிற்று, ஓடையும் போயிற்று. குளத்துக்கு வேறு பக்கமாக வருகிற ஆற்றுக் கால்வாயின் கடைசித் தண்ணீர் எப்போதாவது வந்து எட்டிப் பார்த்தால் உண்டு. அதற்கப்புறம் நான் வேலையில் இருந்த காலம் முழுக்கக் குளம் ஒரு தடவைகூட மறுகால் பாயவில்லை. தண்ணீர் தொடாத அளவுக்கல்லைக் காலையும் மாலையும் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். சம்பளம் கொடுத்தார்கள். அந்தக் குளத்தின் மறுகாலுக்குத்தான் இப்போது ஷட்டர் போட்டிருக்கிறார்கள்.

பலவேசம் மாமாவின் பணத்தை இலாகா தரவில்லை. அப்படி ஒரு வாக்குறுதி கொடுக்க ஓவர்சியருக்கு அதிகாரம் இல்லை என்று பதில் வந்தது. சார் மாற்றலாகிப் போன இடத்திலிருந்து என் பெயருக்கு மணியார்டர் அனுப்ப ஆரம்பித்தார். ஒரு மாதம் இருபது ரூபாய் வரும். சில மாதம் வராது. அவருக்கும் மூன்று பெண்பிள்ளைகள்.

முதல் தடவை கொண்டுபோய்க் கொடுத்தபோது மாமா வாங்கவில்லை. "இதப் பேச்சிட்டக் குடு. நான் கை வைக்க யோசிச்ச நேரத்துக்கு இதுதான் கூலியா?" என்றார். அக்கா அப்போது பிள்ளைகளோடு என் வீட்டுக்கு வந்துவிட்டாள். அவளிடம் நீட்டினேன். அடுப்பில் சோறு வடித்துக்கொண்டிருந்தவள் திரும்பிப் பார்க்காமல் சொன்னாள்: "பலகைக்கு வெல பேசுனீங்க, பயிருக்கு வெல பேசுனீங்க. அந்தக் கணக்குல அவரு எங்கல வாராரு? எடுத்துட்டுப் போ."

திரும்பவும் மாமாவிடம் போனேன். பங்குனிக் கல்யாணம் நின்றுபோயிருந்தது. பலகைக்குக் கடன் கொடுத்தவன் வாசலில் உட்கார்ந்திருந்தான். மாமா என் முகத்தைப் பார்க்காமல் கையை நீட்டினார். அதற்குப் பிறகு ஒவ்வொரு தடவையும் அப்படித்தான். கையை நீட்டுவார், வாங்குவார், எண்ண மாட்டார். எங்களுக்குள் வேறு பேச்சு நின்றுபோயிற்று. மருமவனே என்று அவர் கூப்பிட்டு நான் பிறகு கேட்டதில்லை.

கடைசியாக வந்த மணியார்டர் பத்து ரூபாய். கூப்பனில், உடம்புக்கு முடியவில்லை, மீதியை அடுத்த மாதம் அனுப்புகிறேன், அண்ணாச்சியிடம் சொல்லவும் என்று எழுதியிருந்தார். அடுத்த மாதம் அவர் காலமான செய்திதான் வந்தது. நான் போகவில்லை. அளவுக்கல்லைப் பார்க்க ஆள் இல்லை என்று லீவு கொடுக்கவில்லை.

மீதியை நான் கொடுத்துவிடுகிறேன் என்று மாமாவிடம் போனேன். கொஞ்சம் பணமும் எடுத்துக்கொண்டுதான் போனேன். அவர் அப்போது வயலை விற்றுவிட்டு, துறைமுகத்தில் மூட்டை ஏற்றுகிற வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார். கையை நீட்டவில்லை.

"நீயால சொன்ன? அவருல்ல சொன்னாரு. கொடையப் பிடிச்சிக்கிட்டுச் சொன்னாரு" என்றார். "அது அப்படியே இருக்கட்டும்."

அவரும் போய்விட்டார். வயல் இருந்த இடத்தில் மனைக்கல் நட்டிருக்கிறார்கள். அக்கா மட்டும் இருக்கிறாள். மழை வந்தால் இருவரும் எழுந்து உட்கார்ந்துகொள்கிறோம். பொறியாளர் தம்பிக்கு இதில் எது உபயோகப்படும் என்று எனக்குத் தெரியவில்லை. ஷட்டருக்கு யார் கையும் வைக்க வேண்டியதில்லை, பொத்தானை அமுக்கினால் போதும் என்றார். நல்லதுதான். ஓவர்சியர் தேவசகாயம் சார் வாக்குக் கொடுத்த அறுநூறில், கடைமடை பலவேசத்துக்கு இன்னும் சேர வேண்டியது நூற்று எழுபது ரூபாய்.